பௌஸ்தோ கொப்பி: வீதியிலும் ஓடுபாதையிலும் வென்ற சைக்கிள் வீரர்



காலை ஏழு மணிக்கு மானிப்பாய்ச் சந்தியில் சிறிது நேரம் நின்று பாருங்கள். பாடசாலைக்குச் செல்லும் மாணவர், சந்தைக்குச் செல்லும் வியாபாரி, வேலைக்குச் செல்லும் ஊழியர் எனப் பலர் சைக்கிளிற் செல்வதைக் காண்பீர்கள். 1990களில் எரிபொருள் கிடைக்காத காலத்தில் விறகு முதல் நோயாளர் வரை அனைத்தையும் சுமந்தது இந்தச் சைக்கிளே என்பதை உங்கள் பெற்றோர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். நமக்கு அன்றாடப் பயண வாகனமாக விளங்கும் இந்தச் சைக்கிளைக் கொண்டே உலகப் புகழ் அடைந்த ஒருவரின் வாழ்க்கையை இப்பகுதியில் அறிந்துகொள்வோம். அவர் பெயர் பௌஸ்தோ கொப்பி. உங்கள் அப்பியாசக் கொப்பியை நினைத்துக்கொண்டால் இப்பெயர் மறக்காது.

இளமைக் காலம்

கொப்பி 1919 செப்ரெம்பர் 15ஆம் திகதி இத்தாலியின் வடமேற்கே பியேமொந்தே மாகாணத்திலுள்ள கஸ்தெல்லானியா என்னும் சிறு கிராமத்திற் பிறந்தார். பெற்றோர் ஏழை விவசாயிகள். பிள்ளைகள் ஐவர். மெலிந்த உடலும் எளிதில் முறியும் எலும்புகளும் கொண்ட இச்சிறுவன் ஒரு விளையாட்டு வீரனாவான் என அன்று எவரும் எண்ணியிருக்கமாட்டார்கள்.

பதின்மூன்று வயதளவில் கொப்பி பாடசாலையை விட்டு, நோவி லிகூரே என்னும் பட்டணத்தில் ஓர் இறைச்சிக் கடையில் வேலைக்குச் சேர்ந்தார். வாடிக்கையாளரின் வீடுகளுக்குச் சைக்கிளில் இறைச்சி கொண்டுசென்று கொடுப்பதே அவரது தொழில். மேடும் பள்ளமுமான அவ்வீதிகளே அவருக்கு முதற் பயிற்சிக் களமாயின. கப்பலிற் பணியாற்றிய அவரது உறவினர் ஒருவர் கொடுத்த பணத்தின் உதவியால் அவருக்கு ஒரு பந்தயச் சைக்கிள் கிடைத்தது.

அவ்வூரில் பியாஜியோ கவன்னா என்பவர் வாழ்ந்தார். முன்னாட் குத்துச்சண்டை வீரரான இவர் கண்பார்வையை இழந்தவர். விளையாட்டு வீரர்களின் தசைகளை உருவிவிடுவது இவரது தொழிலாக இருந்தது. கொப்பியின் கால்களையும் மார்பையும் கையாற் தடவிப் பார்த்தே அவரது ஆற்றலை இவர் அறிந்துகொண்டார். உணவு, உறக்கம், பயிற்சி ஆகிய மூன்றிலும் கொப்பிக்கு வழிகாட்டியவர் இவரே. கண் உள்ளவர்கள் காணாததைக் கண் இல்லாத ஒருவர் கண்டார் என்பது கவனிக்கத்தக்கது.

முதலாவது பெருவெற்றி

1940ஆம் ஆண்டு கொப்பி லெஞ்ஞானோ அணியிற் சேர்ந்தார். அவ்வணியின் தலைவர் அப்போது இத்தாலியின் முதன்மை வீரராகத் திகழ்ந்த ஜினோ பார்த்தலி ஆவார். இத்தாலியைச் சுற்றி மூன்று வாரங்கள் நடைபெறும் ஜிரோ டி இத்தாலியா போட்டியிற் பார்த்தலிக்குத் துணை செய்வதே கொப்பியின் கடமை. ஆனால், போட்டியின் தொடக்கத்திலேயே பார்த்தலி ஒரு நாயுடன் மோதி விழுந்து காயமடைந்தார். அதன்பின் மழையும் குளிரும் நிறைந்த ஒரு மலைப் பகுதியிற் கொப்பி அனைவரையும் முந்திச் சென்று, முதலிடத்தில் உள்ளவர் அணியும் இளஞ்சிவப்புச் சட்டையைப் பெற்றார். இறுதிவரை அதை விட்டுக்கொடுக்கவில்லை. அப்போது அவருக்கு வயது 20. இப்போட்டியை மிக இளம் வயதில் வென்றவர் இவரே.

ஜூன் 9ஆம் திகதி போட்டி முடிந்தது. அடுத்த நாளே இத்தாலி இரண்டாம் உலகப் போரில் இறங்கியது.

போரும் சிறையும்

1942 நவம்பர் 7ஆம் திகதி, போர் நடந்துகொண்டிருந்த வேளையில், மிலான் நகரின் விகொரெல்லி ஓடுபாதையிற் கொப்பி ஒரு மணிநேரச் சாதனையை முயன்றார். ஒரு மணிநேரத்தில் ஒருவர் தனித்து எவ்வளவு தூரம் ஓடுகிறார் என்பதே இச்சாதனையின் அளவுகோல். அவர் ஓடிய தூரம் 45 கிலோமீற்றர் 798 மீற்றர். யாழ்ப்பாணத்திலிருந்து பருத்தித்துறை வரையான வீதி 35 கிலோமீற்றருக்கும் குறைவு என்பதை நினைத்துப் பார்த்தால் இதன் வேகம் உங்களுக்கு விளங்கும். முந்திய சாதனையை அவர் 31 மீற்றரால் மட்டுமே முறியடித்தார். எனினும் 1956இல் பிரெஞ்சு வீரர் ஜாக் ஆங்கெத்தீல் முறியடிக்கும்வரை அச்சாதனை ஏறத்தாழ 14 ஆண்டுகள் நிலைத்தது.

பின்னர் இராணுவத்தினராக வட ஆபிரிக்காவுக்கு அனுப்பப்பட்ட கொப்பி, 1943இல் தூனிசியாவிற் பிரித்தானியப் படையினராற் சிறைபிடிக்கப்பட்டார். ஒரு விளையாட்டு வீரனின் மிகச் சிறந்த பருவமாகிய இருபதுகளின் நடுப்பகுதி இவ்வாறு போரிலும் சிறை முகாமிலும் கழிந்தது. போரினாற் படிப்பையும் விளையாட்டையும் இழந்தவர்களை அறிந்த நமது மண்ணின் மாணவர்களுக்கு இவ்விழப்பை விளக்க வேண்டியதில்லை.

மீண்டெழுந்த வீரர்

1946 மார்ச் மாதம் மிலான் - சான் ரேமோ போட்டி நடைபெற்றது. ஏறத்தாழ 290 கிலோமீற்றர் நீளமான இப்போட்டியின் தொடக்கத்திலேயே சிலருடன் முன்னே பாய்ந்த கொப்பி, மலையேற்றத்தில் அவர்களையும் பின்தள்ளித் தனித்துச் சென்றார். அவர் முடிவுக் கோட்டைக் கடந்து 14 நிமிடங்களின் பின்னரே இரண்டாமவர் வந்துசேர்ந்தார். போரால் நொந்திருந்த இத்தாலிய மக்களுக்கு இவ்வெற்றி புதிய நம்பிக்கையை ஊட்டியது.

அதன்பின் பியாங்கி அணியின் வீரராக அவர் பெற்ற வெற்றிகள் பல. ஜிரோ டி இத்தாலியாவை 1940, 1947, 1949, 1952, 1953 ஆகிய ஐந்து ஆண்டுகளில் வென்றார். உலகின் மிகப் பெரிய சைக்கிள் போட்டியாகிய தூர் த பிரான்சை 1949, 1952 ஆகிய இரு ஆண்டுகளில் வென்றார். இவ்விரு போட்டிகளையும் ஒரே ஆண்டில் வென்ற முதல் வீரர் இவரே. 1953இல் சுவிற்சர்லாந்தின் லுகானோ நகரில் வீதிப் போட்டியின் உலகச் சம்பியனானார்.

ஓடுபாதையிலும் அவர் சளைத்தவரல்லர். ஓடுபாதைச் சைக்கிளுக்குத் தடுப்பு இல்லை. மிதிப்பதை நிறுத்திச் சும்மா உருளவும் முடியாது. துரத்தற் போட்டியில் இருவர் ஓடுபாதையின் எதிரெதிர்ப் பக்கங்களிலிருந்து புறப்பட்டு ஒருவரையொருவர் துரத்துவர். எதிராளியை எட்டிப் பிடிப்பவர் அல்லது குறைந்த நேரத்தில் தூரத்தை முடிப்பவர் வெற்றி பெறுவார். இப்போட்டியில் 1947, 1949 ஆகிய ஆண்டுகளிற் கொப்பி உலகச் சம்பியனானார். வீதிக்கு நீண்டநேரத் தாங்குதிறன் வேண்டும். ஓடுபாதைக்கு வேகமும் சீரான மிதிப்பும் வேண்டும். இரண்டும் ஒருவரிடம் அமைவது அரிது.

போட்டியாளரும் துணைவர்களும்

ஒரு காலத்தில் தலைவராக இருந்த பார்த்தலியே பின்னர் கொப்பியின் பெரும் போட்டியாளரானார். இத்தாலி மக்கள் இருவரின் பெயராலும் இரண்டாகப் பிரிந்து நின்றனர். 1949 ஜிரோவில் கூனெயோ - பினெரோலோ பகுதியில், ஐந்து மலைக் கணவாய்களைக் கடக்கும் வழியில், கொப்பி 192 கிலோமீற்றர் தனித்து ஓடி வென்றார். இரண்டாவதாக வந்த பார்த்தலி ஏறத்தாழ 12 நிமிடங்கள் பிந்தியிருந்தார். எனினும் 1952 தூர் போட்டியில் மலையேறும்போது இருவரும் ஒரே தண்ணீர்ப் போத்தலைக் கைமாற்றும் காட்சி ஒரு புகைப்படத்திற் பதிவாகியது. யார் யாருக்குக் கொடுத்தார் என்ற விவாதம் நெடுங்காலம் நீடித்தது. போட்டியாளரும் தாகத்தைப் பகிர்ந்துகொள்ளலாம் என்பதே நமக்கு முக்கியம்.

சைக்கிள் போட்டி தனியொருவரின் விளையாட்டன்று என்பதற்கும் அதே 1952 தூர் போட்டி சான்றாகும். கொப்பிக்குத் துணையாக ஓடிய அந்திரேயா கரேயா, தாம் எதிர்பாராமலே ஒரு நாள் முதலிடத்துக்குரிய மஞ்சட் சட்டையைப் பெற்றுவிட்டார். தலைவரின் இடத்தைத் தாம் எடுத்துவிட்டோமே எனக் கண்ணீர் விட்டார். கொப்பி அவரைக் கடிந்துகொள்ளவில்லை. அடுத்த நாள் அல்ப் துவெஸ் மலையில் வென்று கொப்பியே அச்சட்டையை அணிந்தார். அம்மலை தூர் போட்டியில் இடம்பெற்றது அதுவே முதன்முறை.

துன்பங்களும் குறைகளும்

கொப்பியின் வாழ்வு வெற்றிகளால் மட்டும் ஆனதன்று. 1950 ஜிரோவில் விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. 1951 ஜூன் மாதம் அவரது தம்பி சேர்சேயும் சைக்கிள் போட்டியொன்றில் விழுந்தார். முதலிற் பெரிய காயமில்லை என்றே எண்ணினர். ஆயினும் அன்றே தலையின் உட்காயத்தால் அவர் இறந்தார். சில நாட்களின் பின் தூர் போட்டிக்குச் சென்ற கொப்பியால் பத்தாம் இடத்தையே பெற முடிந்தது. அடுத்த ஆண்டே இரு பெரும் போட்டிகளையும் மீண்டும் வென்றார்.

அவரிடம் குறைகளும் இருந்தன. ஊக்கமருந்துச் சோதனை இல்லாத அக்காலத்தில் தாம் அத்தகைய மருந்தைப் பாவித்ததை அவர் மறைக்கவில்லை. மணவாழ்வை விட்டு வேறொருவருடன் வாழ்ந்தமையால் அக்கால இத்தாலியச் சட்டப்படி நீதிமன்றத்திற் தண்டனையும் பெற்றார். ஒருவரின் வரலாற்றைக் கற்கும்போது நிறைகளுடன் குறைகளையும் அறிதல் வேண்டும்.

நுளம்பால் நேர்ந்த முடிவு

1959 டிசெம்பரிற் கொப்பி, இன்று புர்க்கீனா பாசோ எனப்படும் மேல் வோல்ற்றா நாட்டில் ஒரு காட்சிப் போட்டிக்காகச் சென்றார். அங்கு அவரும் பிரெஞ்சு வீரர் ரபயேல் ஜெமினியானியும் ஒரே அறையில் நுளம்புக் கடியுடன் உறங்கினர். நாடு திரும்பியபின் இருவருக்கும் கடுங்காய்ச்சல் கண்டது. பிரான்சில் ஜெமினியானியின் இரத்தத்தைச் சோதித்து மலேரியா எனக் கண்டறிந்து, குயினைன் கொடுத்துக் காப்பாற்றினர். இத்தாலியிற் கொப்பிக்கு வந்தது நுரையீரல் நோய் எனக் கருதிச் சிகிச்சை அளித்தனர். 1960 ஜனவரி 2ஆம் திகதி, 40ஆவது வயதில், கொப்பி உயிர்நீத்தார். ஒரே அறையில் ஒரே நோயைப் பெற்ற ஜெமினியானி 99 வயதுவரை வாழ்ந்து 2024இற் காலமானார். இருவரையும் பிரித்தது ஒரு துளி இரத்தத்தின் சோதனையே.

மாணவர்களே, இது நமக்குத் தொலைவான செய்தியன்று. இலங்கையில் 1934-35இல் மலேரியா பல்லாயிரம் உயிர்களைக் கொன்றது. நெடுநாள் உழைப்பின் பயனாக 2016 செப்ரெம்பரில் உலக சுகாதார நிறுவனம் இலங்கையை மலேரியா அற்ற நாடாக அறிவித்தது. ஆயினும் வெளிநாடு சென்று திரும்புவோர் மூலம் நோய் மீண்டும் வரக்கூடும். எனவே பயணம் சென்று வந்தவருக்குக் காய்ச்சல் கண்டால், சென்ற நாட்டை வைத்தியரிடம் கூறி இரத்தம் சோதிப்பது அவசியம். 19ஆம் நூற்றாண்டிலேயே வைத்தியர் சாமுவேல் கிறீன் மானிப்பாயில் மேலைத்தேய மருத்துவத்தைத் தமிழிற் கற்பித்தார். அம்மண்ணின் பிள்ளைகளாகிய நீங்கள் இவ்வறிவை வீட்டாருக்கும் எடுத்துரையுங்கள்.

நினைவிற் கொள்க

1919 - பிறப்பு
1940 - முதலாவது ஜிரோ வெற்றி
1942 - ஒரு மணிநேரச் சாதனை
1943 - சிறைபிடிக்கப்படல்
1947, 1949 - துரத்தற் போட்டியில் உலகச் சம்பியன்
1949, 1952 - ஜிரோவும் தூரும் ஒரே ஆண்டில்
1953 - வீதிப் போட்டியில் உலகச் சம்பியன்
1960 - மறைவு

பயிற்சி வினாக்கள்

1. கொப்பியின் ஆற்றலை முதலில் இனங்கண்டவர் யார்? அவர் எவ்வாறு இனங்கண்டார்?
2. வீதிப் போட்டிக்கும் ஓடுபாதைப் போட்டிக்கும் தேவையான திறன்கள் எவ்வாறு வேறுபடுகின்றன?
3. போர் கொப்பியின் வாழ்வை எவ்வாறு பாதித்தது? அவர் அதிலிருந்து எவ்வாறு மீண்டார்?
4. கொப்பி இறக்கவும் ஜெமினியானி பிழைக்கவும் காரணம் யாது?
5. "நான் விரும்பும் விளையாட்டு வீரர்" என்னும் தலைப்பில் 200 சொற்களுக்குக் குறையாமற் கட்டுரை எழுதுக. வெற்றிகளை மட்டும் அடுக்காது, அவர் தோல்வியையும் துன்பத்தையும் எதிர்கொண்ட விதத்தையும் குறிப்பிடுக.