நிஜாமிய்யாவை விட்டுப் புறப்பட்ட இமாம்

கல்வியின் சிறப்பைப் பற்றி நாம் நிறையப் பேசுகிறோம். மத்ரஸாவின் பட்டமளிப்பு விழாவானாலும் சரி, கல்லூரியின் ஆண்டு விழாவானாலும் சரி, அதைப் பற்றிப் பேசாத மேடை இல்லை. ஆனால் மனிதனை உயர்த்தும் அதே கல்வி, நிய்யத்து கெட்டுவிட்டால் அவனை அழித்தும் விடும் என்பதை நாம் அவ்வளவாக நினைத்துப் பார்ப்பதில்லை. இதைக் கிதாபுகளில் எழுதியவர்கள் பலர். தம் வாழ்க்கையையே அதற்குச் சாட்சியாக வைத்துச் சென்றவர்கள் ஹுஜ்ஜத்துல் இஸ்லாம் இமாம் அபூஹாமித் முஹம்மது அல்கஸ்ஸாலி ரஹ்மத்துல்லாஹி அலைஹி அவர்கள்.

தந்தையின் வஸிய்யத்

குராஸான் நாட்டிலே தூஸ் என்று ஒரு நகரம் இருந்தது. இன்றைய ஈரானில் மஷ்ஹதுக்கு அருகில் உள்ள இடம் அது. ஹிஜ்ரி 450இல் (கி.பி. 1058) இமாம் அவர்கள் அங்கே பிறந்தார்கள் என்பது பிரபலமான கருத்து. தந்தை கம்பளி நூற்று விற்றுப் பிழைத்த ஏழை. எழுத்தறிவு இல்லாதவர். ஆயினும் ஆலிம்களின் மஜ்லிஸைத் தேடிச் சென்று அமர்ந்து, தமக்கு ஒரு ஃபகீஹான மகன் வேண்டுமென்று அழுது துஆ கேட்பவர். மரண வேளை நெருங்கியபோது முஹம்மது, அஹ்மது என்ற தம் மக்கள் இருவரையும் ஒரு ஸூஃபி நண்பரிடம் ஒப்படைத்தார். தமக்குக் கிட்டாத எழுத்தறிவு இவர்களுக்காவது கிட்ட வேண்டும், அதற்காகத் தம்மிடமுள்ள பணம் முழுவதும் செலவானாலும் பாதகமில்லை என்று வஸிய்யத் செய்தார்.

அந்தப் பணம் சொற்பம். சீக்கிரமே தீர்ந்துவிட்டது. நண்பரோ அன்றாடம் உணவுக்கே வழியற்ற ஃபகீர். மத்ரஸாவில் சேர்ந்தால் உணவாவது கிடைக்கும் என்று அவர் பிள்ளைகளிடம் சொன்னார். பிள்ளைகளும் சேர்ந்தார்கள். அல்லாஹ்வுக்காக அன்றி வயிற்றுக்காகத்தான் அந்த வாசலில் நுழைந்ததாகவும், ஆனால் இல்மு அல்லாஹ்வுக்கன்றி வேறு எதற்கும் ஆக மறுத்துவிட்டதாகவும் இமாம் அவர்கள் பிற்காலத்தில் நினைவு கூர்வார்களாம்.

ஊரில் ஓதிவிட்டு ஜுர்ஜான் சென்று ஓதினார்கள். அங்கிருந்து திரும்பும் வழியில் கொள்ளையர் மறித்துப் பொருள்கள் அனைத்தையும் பறித்துக்கொண்டார்கள். உஸ்தாதிடம் கேட்டு எழுதிய குறிப்பேடுகளும் அந்தப் பையில் இருந்தன. அவற்றை மட்டுமாவது கொடுத்துவிடும்படி இமாம் அவர்கள் கொள்ளையர் தலைவனின் பின்னாலேயே சென்று கெஞ்சினார்கள். தன் கல்வியெல்லாம் அவற்றில்தான் இருக்கிறது என்றும் சொன்னார்கள். பை போனால் கல்வியும் போய்விடும் என்றால் அது என்ன கல்வி என்று சிரித்துக்கொண்டே அவன் திருப்பிக் கொடுத்தான். அல்லாஹ்வே அவன் நாவில் பேசவைத்தான் என்று எடுத்துக்கொண்ட இமாம் அவர்கள், ஊர் திரும்பி மூன்று ஆண்டுகள் உழைத்து அந்தக் குறிப்புகள் முழுவதையும் மனனம் செய்தார்கள்.

பின்னர் நைஸாபூர் சென்று, இமாமுல் ஹரமைன் அல்ஜுவைனி (ரஹ்) அவர்களிடம் ஃபிக்ஹு, உஸூல், கலாம், மன்திக் ஆகிய கலைகளில் தேர்ச்சி பெற்றார்கள். ஹிஜ்ரி 478இல் (1085) உஸ்தாது வபாத்தாகும் வரை அந்தத் தொடர்பு நீடித்தது.

பக்தாதின் நிஜாமிய்யா

இங்கே நிஜாமிய்யாவைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். ஸல்ஜூக் சுல்தான்களின் வஜீராக இருந்த நிஜாமுல் முல்க் பல நகரங்களில் உயர்தர மத்ரஸாக்களை நிறுவினார். அதற்கு முன்பும் மத்ரஸாக்கள் இருந்தன. எனினும் வக்ஃபு சொத்து, ஆசிரியருக்குச் சம்பளம், மாணவருக்குத் தங்குமிடம், உதவித்தொகை என்று அரசின் பலத்தோடு பல ஊர்களில் ஒரே முறையில் அமைந்தவை இவையே. பக்தாதின் நிஜாமிய்யா ஹிஜ்ரி 459இல் (1067) திறக்கப்பட்டது.

திறப்பு நாளன்று நடந்ததைக் கவனியுங்கள். முதல் ஆசிரியராக நியமிக்கப்பட்டிருந்த ஷைகு அபூஇஸ்ஹாக் ஷீராஸி (ரஹ்) அவர்கள் வரவில்லை. கட்டடத்திற்குப் பயன்படுத்திய பொருள்களில் பிறரிடம் அபகரித்தவையும் உண்டு என்று அவர்கள் காதில் விழுந்திருந்தது. வேறொரு பெரியார் இப்னு ஸப்பாஃக் (ரஹ்) அவர்கள் சுமார் 20 நாட்கள் பாடம் நடத்தினார்கள். அதன் பிறகே, பலரும் வற்புறுத்தியதால், ஷைகு அவர்கள் ஒப்புக்கொண்டார்கள். அரசு கட்டிய கல்விக்கூடத்தில் அடி எடுத்து வைப்பதற்கே ஆலிம்கள் தயங்கிய காலம் அது.

ஹிஜ்ரி 484இல் (1091) அந்த ஆசனத்துக்கு இமாம் கஸ்ஸாலி அவர்கள் வந்தார்கள். வயது 34. ஏறத்தாழ இவ்வரிகளை எழுதும் நம் வயது. நாம் இன்னும் கிதாபுகளின் ஓரங்களில் குறிப்பெழுதிக் கொண்டிருக்கும் வயதில், அவர்கள் முன்னே 300 மாணவர்கள் அமர்ந்திருந்தார்கள். கலீஃபாவின் அரண்மனையிலும் அவர்கள் வாக்குக்கு மதிப்பிருந்தது.

அந்த வேலைப் பளுவிலும் ஓய்வு கிடைத்த நேரங்களில் அவர்கள் தத்துவ நூல்களை ஆசிரியர் துணையின்றித் தாமே படித்தார்கள். இரண்டு ஆண்டுகளுக்குள் படித்து முடித்து, மேலும் ஓராண்டு சிந்தித்தார்கள். ஒரு கொள்கையை மறுக்க முன்வருபவர், அதைக் கொண்டவர்களின் அளவுக்கேனும் அதை அறிந்திருக்க வேண்டும் என்பது அவர்கள் கருத்து. அதனால் தத்துவவாதிகளின் கொள்கைகளை உள்ளபடியே விளக்கி ‘மகாஸிதுல் ஃபலாஸிஃபா’ என்ற நூலை எழுதினார்கள். ஹிஜ்ரி 488இன் தொடக்கத்தில் (1095) ‘தஹாஃபுதுல் ஃபலாஸிஃபா’வை முடித்து, 20 மஸ்அலாக்களில் அவர்களை மறுத்தார்கள்.

இமாம் அவர்கள் எல்லா அறிவுக் கலைகளையும் வெறுத்தார்கள் என்று சிலர் எழுதுவது சரியல்ல. கணக்கையும் மன்திக்கையும் அவர்கள் மறுக்கவில்லை. கிரகணம் எப்படி ஏற்படுகிறது என்பதைக் கணக்கிட்டு நிரூபிப்பவரிடம், அது மார்க்கத்திற்கு விரோதம் என்று வாதிடுபவன் மார்க்கத்துக்குத்தான் தீங்கு செய்கிறான் என்று அதே தஹாஃபுத்தின் முன்னுரையில் எச்சரித்திருக்கிறார்கள். உலகம் அநாதியானது என்பது, அல்லாஹ் தனித்தனிப் பொருள்களை அறிவதில்லை என்பது, உடல்கள் மறுமையில் எழுப்பப்பட மாட்டா என்பது ஆகிய மூன்று கொள்கைகளையே குஃப்ரு என்று தீர்ப்பளித்தார்கள்.

நா எழவில்லை

வெளியுலகம் அவர்களைப் புகழ்ந்துகொண்டிருந்த அதே நாட்களில் உள்ளத்தில் வேறொரு விசாரணை நடந்துகொண்டிருந்தது. நிஜாமுல் முல்க் 485இல் (1092) கொலை செய்யப்பட்டார். அடுத்த சில வாரங்களில் சுல்தான் மலிக்ஷாவும் இறந்தார். உலகப் பதவி எத்தகையது என்பதைக் கண் முன்னே கண்டார்கள். ஸூஃபியாக்களின் நூல்களையும் படித்தார்கள். இது வெறும் படிப்பால் வருவதல்ல, நடந்து பார்த்து அடைய வேண்டியது என்று தெளிந்தார்கள்.

பிறகு தம் அமல்களை ஒவ்வொன்றாக எடைபோட்டார்கள். அவற்றுள் சிறந்தது பாடம் நடத்துவதுதான். அதற்கான நிய்யத்தைச் சோதித்தபோது, அது அல்லாஹ்வுக்காக இல்லை, பதவியும் புகழுமே அதைத் தூண்டுகின்றன என்று தமக்கே தீர்ப்புக் கூறினார்கள். சுமார் ஆறு மாதங்கள் போராட்டம். காலையில் பக்தாதை விட்டுப் புறப்படத் துணிவார்கள், மாலையில் மனம் மாறிவிடும். ஹிஜ்ரி 488 ரஜபு மாதத்தில் (1095 ஜூலை) அல்லாஹ் அவர்கள் நாவைப் பூட்டிவிட்டான். காத்திருக்கும் மாணவர்களுக்காக ஒரு நாளாவது பாடம் சொல்ல முயன்றார்கள். ஒரு வார்த்தையும் வெளிவரவில்லை. உணவும் இறங்கவில்லை. இது உள்ளத்து நோய், மருந்து பயன்படாது என்று வைத்தியர்கள் கைவிரித்தார்கள்.

அதன் பின்னர் மனம் இலேசாயிற்று. பிள்ளைகளின் ஜீவனத்துக்கு வேண்டியதை மட்டும் வைத்துக்கொண்டு மற்றச் செல்வத்தைப் பங்கிட்டுக் கொடுத்துவிட்டு, துல்கஅதாவில் நிஜாமிய்யாவை விட்டுப் புறப்பட்டார்கள். தம்பி அஹ்மது பாடங்களை ஏற்றார்கள். ஹஜ்ஜுக்குப் போவதாக ஊரார் நினைத்தார்கள். இமாம் அவர்கள் சென்றது ஷாம் தேசம். திமிஷ்கின் உமவிய்யாப் பள்ளிவாசல் மினாராவில் நாள் முழுதும் தனித்திருந்தார்கள். பைத்துல் முகத்தஸ் சென்றார்கள். ஹிஜ்ரி 489இல் (1096) நபி இப்ராஹீம் (அலை) அவர்களின் கப்ரின் அருகில் நின்று மூன்று சபதங்கள் செய்தார்கள்: எந்த அரசர் அவைக்கும் செல்வதில்லை, எந்த அரசரின் பணத்தையும் பெறுவதில்லை, எவரோடும் தர்க்கப் போட்டியில் இறங்குவதில்லை. பிறகு ஹஜ்ஜை நிறைவேற்றினார்கள்.

‘இஹ்யாவு உலூமித்தீன்’ உருவானது இந்தத் தனிமைக் காலத்தில்தான். நான்கு பகுதிகள், பகுதிக்குப் பத்தாக நாற்பது நூல்கள். முதலாவதாக அமைந்திருப்பதோ கல்வியைப் பற்றிய நூல். ஒரு முழு ஊரிலும் முஸ்லிம் வைத்தியர் ஒருவர்கூட இல்லாதபோது, வைத்தியம் ஃபர்ளு கிஃபாயாவாக இருந்தும் அதைக் கற்க யாரும் வராமல், எல்லோரும் ஃபிக்ஹுத் தர்க்கத்துக்கே முண்டியடிப்பது ஏன் என்று அதில் கேட்கிறார்கள். காழிப் பதவி, வக்ஃபு நிர்வாகம், அநாதைகளின் சொத்துப் பொறுப்பு இவையெல்லாம் அந்த வழியில் கிடைக்கின்றன, வைத்தியத்தில் கிடைப்பதில்லை என்று விடையையும் தருகிறார்கள். ஆசிரியர் மாணவனைத் தம் பிள்ளையைப் போல் நேசிக்க வேண்டும், தாம் கற்பிக்காத பிற பாடங்களை மாணவன் முன் இழிவாகப் பேசக் கூடாது என்றும் வகுக்கிறார்கள். பெரிய கல்விக்கூடத்தின் உள்ளே இருந்து பார்த்தவர் எழுதிய எழுத்து அது.

திரும்பி வந்த ஆசிரியர்

இதோடு வரலாறு முடிந்திருந்தால், கல்விக்கூடத்தைத் துறந்து தனிமையில் அமர்வதே மேல் என்று நாம் எண்ணிவிடுவோம். அப்படி முடியவில்லை. ஹிஜ்ரி 499இல் (1106), பதினோரு ஆண்டுகளுக்குப் பின், நிஜாமுல் முல்கின் மகன் ஃபக்ருல் முல்க் வற்புறுத்தி அழைக்க, நைஸாபூர் நிஜாமிய்யாவில் மீண்டும் பாடம் நடத்த வந்தார்கள். ‘அல்முன்கித் மினழ்ழலால்’ என்ற நூலில் இதற்கான விளக்கத்தையும் எழுதினார்கள். வெளிப்பார்வைக்குப் பழைய வேலைக்கே திரும்பினாலும் உண்மையில் தாம் திரும்பவில்லையாம். முன்பு பதவியைத் தேடித்தரும் கல்வியைப் பரப்பினார்களாம். இப்போது பதவி ஆசையை விடச்செய்யும் கல்விக்கு அழைக்கிறார்களாம். ஆசனமும் பாடமும் மாறவில்லை. மாறியது நிய்யத்து ஒன்றுதான்.

பின்னர் தூஸுக்கே திரும்பி, வீட்டருகில் மாணவருக்கு ஒரு மத்ரஸாவும் ஸூஃபியாக்களுக்கு ஒரு கான்காவும் அமைத்தார்கள். பக்தாதிலிருந்து மறுபடியும் அழைப்பு வந்தபோது, இங்கே 150 மாணவர்கள் ஓதிக்கொண்டிருக்கிறார்கள் என்பதையும் தம் சபதங்களையும் எடுத்துக்கூறி மறுத்துவிட்டார்கள். ஹிஜ்ரி 505 ஜமாதுல் ஆகிர் 14இல் (1111 டிசம்பர்), ஒரு திங்கட்கிழமை அதிகாலை ஒளூச் செய்து தொழுதார்கள். கஃபன் துணியைக் கேட்டு வாங்கி முத்தமிட்டுக் கண்களில் ஒற்றிக்கொண்டு, கிப்லாவை நோக்கிப் படுத்தார்கள். பொழுது நன்கு புலருமுன் ரூஹு பிரிந்தது. பெண் மக்கள் மட்டுமே அவர்களுக்கு இருந்தார்கள்.

அவர்கள் எழுத்துக்கு எதிர்ப்பும் இருந்தது. ஹிஜ்ரி 503இல் (1109) குர்துபாவில் இஹ்யா எரிக்கப்பட்டது. அதிலுள்ள ஹதீஸ்கள் சில பலவீனமானவை என்று முஹத்திஸ்கள் எடுத்துக்காட்டினார்கள். ஹாஃபிழ் ஜைனுத்தீன் இராக்கி (ரஹ்) அவர்கள் அவற்றைத் தனித்தனியே ஆய்ந்து தரம் பிரித்துத் தந்தார்கள். ஐரோப்பாவிலோ மகாஸித் 12ஆம் நூற்றாண்டில் லத்தீனில் பெயர்க்கப்பட்டது. அதன் முன்னுரை பெரும்பாலான பிரதிகளில் இல்லாததால், தத்துவவாதிகளை மறுத்தவரையே அவர்களில் ஒருவர் என்று அங்குள்ள கல்விக்கூடங்கள் நெடுங்காலம் எண்ணியிருந்தன. ஷாஃபிஈ மத்ஹபைப் பின்பற்றும் நம் மக்களுக்கோ அவர்கள் அந்நியரல்லர். அவர்களுடைய ‘அல்வஜீஸ்’ நூலுக்கு இமாம் ராஃபிஈ (ரஹ்) விரிவுரை எழுதினார்கள். அந்த விரிவுரையை இமாம் நவவீ (ரஹ்) ‘ரவ்ளா’வாகச் சுருக்கினார்கள். நம் தொழுகைக்கும் நோன்புக்கும் சட்டம் கேட்கும்போது அந்த ஸில்ஸிலாவின் ஒரு கண்ணியைத்தான் பற்றுகிறோம்.

நமக்குரிய பாடம்

அன்பர்களே! இன்று நம் பிள்ளைகள் மத்ரஸாவிலும் ஓதுகிறார்கள், பல்கலைக்கழகத்திலும் படிக்கிறார்கள். இரண்டில் எது மேல் என்று நமக்குள் வாதம் நடக்கிறது. இமாம் அவர்களின் வாழ்க்கை எழுப்பும் கேள்வி வேறு. எதற்காகக் கற்கிறாய் என்பதே அது. வைத்தியம் படிப்பவன் ஃபர்ளு கிஃபாயாவை நிறைவேற்றும் நிய்யத்தோடு படித்தால் அது இபாதத். புகாரி ஷரீஃபையே ஓதினாலும், மேடையும் மாலையும் நோக்கமானால் அது வியாபாரம். ஆலிம்களாகிய நமக்குத்தான் இந்தக் கேள்வி முதலில் உரியது. பயான் முடிந்த பிறகு எத்தனை பேர் கேட்டார்கள், எத்தனை பேர் பாராட்டினார்கள் என்று எண்ணும் நாம், எத்தனை பேர் திருந்த வேண்டும் என்று அழுதோம்?

ஆகவே, ஒரு சிறு அமலை வழக்கமாக்கிக் கொள்வோம். கிதாபைத் திறக்கும்போதும், வகுப்புக்குள் நுழையும்போதும், பிஸ்மில்லாஹ் சொல்வதோடு ஒரு கணம் நின்று, இது யாருக்காக என்று நம்மையே கேட்போம். விடை சரியாக இல்லாவிட்டால் கிதாபை மூடிவிடத் தேவையில்லை, நிய்யத்தைத் திருத்திக்கொண்டு தொடர்வோம். வயிற்றுக்காக மத்ரஸாவில் நுழைந்த பிள்ளையை இல்மு எங்கே கொண்டு சேர்த்தது என்பதைப் பார்த்தோமல்லவா!

வல்ல அல்லாஹ் நம் கல்வியை அவனுக்கே உரியதாக ஆக்கி, அதன்படி அமல் செய்யும் தௌஃபீக்கை நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.