கோணேசர் மலையடியில் மிதக்கப் பழகியவர்

திருகோணமலையில் பிறந்த பிள்ளைக்கு இராவணன் வெட்டைத் தெரியாமல் இருக்காது. புட்பக விமானத்தில் பறந்த அரசனின் கதையும் கோணேசர் மலையின் அந்தப் பாறைப் பிளவும் ஒன்றாகவே சொல்லப்படும். 1956 ஆம் ஆண்டு, அதே மலையடிக் கடலில் ஓர் ஆங்கிலேயர் காற்றுச் சிலிண்டரை முதுகில் கட்டிக்கொண்டு சுழியோடினார். மனிதர் பூமியை விட்டுப் புறப்பட்டு வேறு கோள்களுக்குப் போகும் கதைகளை எழுதியே அவர் வாழ்ந்துகொண்டிருந்தார். அவர் பெயர் ஆர்தர் சி. கிளார்க்.

கிளார்க் 1917 டிசம்பர் 16 அன்று இங்கிலாந்தின் சமர்செற் பகுதியில் உள்ள மைன்ஹெட் என்னும் கடற்கரை ஊரில் பிறந்தார். பதின்மூன்று வயதில் தகப்பனை இழந்தார். பள்ளிக்கூடம் முடிந்ததும் பல்கலைக்கழகம் போக வசதி இருக்கவில்லை. இலண்டனில் அரசாங்கக் கணக்காய்வு வேலைக்குப் போனார். ஓய்வு நேரமெல்லாம், நிலவுக்குப் போவது பற்றிப் பேசும் பிரித்தானியக் கோளிடைச் சங்கத்துக்கே சென்றது. அந்தக் காலத்தில் அப்படிப் பேசுபவர்களைப் பார்த்து ஊர் சிரித்தது.

இரண்டாம் உலகப்போரில் அவர் பிரித்தானிய விமானப்படையில் சேர்ந்தார். விமானி கண்ணால் எதையும் காண முடியாத பனிமூட்டத்திலும் விமானத்தைப் பத்திரமாகத் தரையிறக்க உதவும் ராடார் பிரிவில் வேலை. போர் முடிந்த 1945 அக்டோபரில், வானொலித் தொழில்நுட்ப இதழ் ஒன்றில் ஒரு கட்டுரை எழுதினார். நிலநடுக்கோட்டுக்கு மேலே ஏறத்தாழ 36,000 கிலோமீற்றர் உயரத்தில் ஒரு செய்மதியை நிறுத்தினால், பூமி சுழலும் அதே வேகத்தில் அதுவும் சுற்றும். கீழிருந்து பார்த்தால் ஒரே இடத்தில் அசையாமல் நிற்பதுபோல் இருக்கும். அப்படி மூன்று செய்மதிகள் இருந்தால் உலகம் முழுவதும் செய்தி அனுப்பலாம் என்பதே அந்தக் கணக்கு. இருபது ஆண்டுகள் கழித்து, 1965 இல், ஏர்லி பேர்ட் செய்மதி அந்த உயரத்தில் வேலை செய்யத் தொடங்கியது. கிளார்க் அந்த யோசனைக்குக் காப்புரிமை எடுத்திருக்கவில்லை. காப்புரிமைப் பணமாக ஒரு சதமும் அவருக்கு வரவில்லை.

வானத்தைக் கணக்கிட்டவர் கடலுக்கு வந்ததற்கும் காரணம் வானம்தான். விண்வெளியில் உடலுக்கு எடை தெரியாது. பூமியில் இருந்துகொண்டே அந்த அனுபவத்துக்குக் கிட்டப் போகும் வழி, தண்ணீருக்குள் மூழ்கி மிதப்பதுதான் என்று அவர் நம்பினார். 1954 டிசம்பரில் அவுஸ்திரேலியப் பவளப்பாறைகளுக்குப் போகும் வழியில் கப்பல் கொழும்பில் நின்றது. அந்தச் சிறு தரிப்பு போதுமாக இருந்தது. 1956 இல் நண்பர் மைக் வில்சனோடு திரும்பி வந்தவர், பிறகு இந்தத் தீவையே வீடாக்கிக்கொண்டார்.

அந்த ஆண்டே கோணேசர் மலையடியில் கடலுக்குள் கிடந்த செதுக்கிய தூண்களையும் கட்டடக் கற்களையும் அவர்கள் கண்டார்கள். 1620களில் போர்த்துக்கேயர் இடித்த ஆலயத்தின் கற்கள் அவை. இடித்த கற்களில் ஒரு பகுதி கோட்டைச் சுவராகவும் ஆனது. கிளார்க் அடுத்த ஆண்டு வெளியிட்ட 'த றீவ்ஸ் ஒஃப் தப்ரபேன்' என்ற நூல் வழியாக வெளியுலகம் இதை அறிந்தது. ஊருக்கு இது புதிய செய்தி அல்ல. கோயில் இல்லாமற்போன காலத்திலும் மலையுச்சியில் நின்று கடலை நோக்கிப் பூவும் பழமும் படைத்து வந்தவர்கள் நம்மவர்கள். அவர்கள் தலைமுறை தலைமுறையாக நினைவில் வைத்திருந்ததை, கிளார்க்கும் வில்சனும் கண்ணால் பார்த்து உறுதிப்படுத்தினார்கள். 1963 மார்ச்சில், மீண்டும் எழுந்த ஆலயத்துக்குக் குடமுழுக்கு நடந்தது.

1962 இல் கிளார்க்கின் உடல் செயலிழந்தது. அது இளம்பிள்ளைவாதத்தின் தாக்கம் என்று பின்னர் தெரிந்தது. தேறி எழுந்தாலும் பழைய பலம் திரும்பவில்லை. கடைசிக் காலத்தைச் சக்கர நாற்காலியில் கழித்தார். ஆனாலும் சுழியோடுவதை அவர் கைவிடவில்லை. தரையில் தடுமாறிய உடல் தண்ணீருக்குள் தடையின்றி மிதந்தது.

1979 இல் வெளிவந்த 'த பவுண்டன்ஸ் ஒஃப் பரடைஸ்' நாவலில் இந்தத் தீவையே அவர் ஒரு கற்பனை நாடாக்கினார். பெயர் தப்ரபேன். பூமியிலிருந்து 36,000 கிலோமீற்றர் உயரத்துக்கு ஒரு மின்தூக்கி கட்டுகிறார்கள். யூரி ஆர்ட்சுதானோவ் என்ற ரஷ்யப் பொறியியலாளர் 1960 இல் வெளியிட்ட யோசனை அது. அதன் அடி நிலநடுக்கோட்டில் இருக்க வேண்டும் என்பதால், கிளார்க் தீவை 800 கிலோமீற்றர் தெற்கே நகர்த்திவிட்டார். கதையின் மலை நம் சிவனொளிபாதமலையை ஒத்தது; பாறைக்கோட்டை சிகிரியாவை ஒத்தது. கோணேசர் கடலுக்கு அதில் பெரிய இடம் இல்லை.

அந்த நாவலில் நமக்குத் தைக்கும் இடம் ஒன்று உண்டு. மின்தூக்கிக்கு மலையுச்சி தேவை. அங்கே காலங்காலமாக இருந்துவந்த துறவிகள் மறுக்கிறார்கள். இறுதியில் மலையை விட்டு இறங்குகிறார்கள். உலகங்களுக்கு இடையே பாதை போடுவதற்கும் யாரோ ஒருவர் தன் இடத்தை விட்டுப் போக வேண்டியிருக்கிறது. 2006 இல் சம்பூரை விட்டு ஓடிய குடும்பங்களுக்கு இது கதை அல்ல. அவர்களின் காணிகள் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போயின; அந்தப் பகுதிக்கு அனல்மின் நிலையத் திட்டமும் வந்தது. பலர் திரும்பத் தொடங்கியது 2015 இல்தான்.

கொழும்பில் கிளார்க்குக்கு மரியாதை பெருகியது. 1970களின் நடுவில் இந்தியாவின் செய்மதித் தொலைக்காட்சிப் பரிசோதனை நடந்தபோது, இந்திய விண்வெளிப் பொறியியலாளர்கள் அவரது வீட்டிலேயே ஒரு வாங்கியைப் பொருத்தினார்கள். 1979 முதல் 2002 வரை மொறட்டுவைப் பல்கலைக்கழக வேந்தராக இருந்தார். 2005 இல் இலங்கையின் உயரிய விருதான ஸ்ரீலங்காபிமான்ய கிடைத்தது.

அதே ஆண்டுகளில் வடக்குக் கிழக்கில் வானம் வேறாக இருந்தது. கிபீர் சத்தம் கேட்டால் பிள்ளைகள் அண்ணாந்து பார்ப்பதில்லை, பங்கருக்குள் ஓடினார்கள். 2006 ஏப்ரலில் மூதூர் கிழக்கில் குண்டுகள் விழுந்தன. மறுபக்கம், வன்னியிலிருந்து வெளியே செய்தி வந்ததும் செய்மதித் தொலைபேசியில்தான். ரொறொன்ரோவிலும் பாரிஸிலும் இருந்தவர்கள் ஊர்ச் செய்தியைப் பார்த்தது செய்மதித் தொலைக்காட்சியில். சிதறிப்போன குடும்பங்களைக் கட்டி வைத்ததில் அந்த 1945 ஆம் ஆண்டுக் கணக்குக்கும் பங்கு உண்டு.

2007 டிசம்பரில், தொண்ணூறாவது பிறந்தநாளையொட்டி ஒரு காணொளியில் கிளார்க் மூன்று ஆசைகளைச் சொன்னார். முதலாவது, வேற்றுலக உயிர்கள் இருப்பதற்கு ஓர் ஆதாரம். இரண்டாவது, எண்ணெயை நம்பியிராத தூய சக்தி. மூன்றாவது, ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் தான் வாழ்ந்த இலங்கையில் நிலையான சமாதானம். சமாதானத்தை வெறுமனே ஆசைப்பட்டுப் பெற முடியாது, அதற்குக் கடும் உழைப்பும் துணிவும் விடாமுயற்சியும் வேண்டும் என்பதையும் அவர் அதே இடத்தில் சொல்லி வைத்தார்.

2008 மார்ச் 19 அன்று கொழும்பில் அவர் இறந்தார். எந்தச் சமயச் சடங்கும் வேண்டாம் என்று முன்பே எழுதிவைத்திருந்தார். அப்படியே பொரளை மயானத்தில் அடக்கம் நடந்தது. பதினான்கு மாதங்கள் கழித்து முள்ளிவாய்க்காலில் போர் முடிந்தது. துப்பாக்கிச் சத்தம் ஓய்ந்தது. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் தாய்மார் இன்னும் படங்களோடு தெருவில் நிற்கிறார்கள். கிளார்க்கின் மூன்றாவது ஆசை அவர்களின் பதிலுக்காகவும் காத்திருக்கிறது.