காதுக்குள் ஒரு கூக்குரல்!

ஊர் உறங்குகிறது, ஒருவருக்கு மட்டும் உறக்கமில்லை. காதுக்குள் ஓயாத சீழ்க்கை! பக்கத்தில் இருப்பவருக்கோ அது கேட்பதில்லை. சொன்னால் நம்புவாரில்லை, நகைப்பாரே உண்டு. அந்த வேதனையைச் சுமந்த மேதை ஒருவரை எண்ணிப் பார்ப்போம்.

பெட்ரிச் ஸ்மெட்டனா! இன்று செக் நாடு எனப்படும் மண்ணிலே, 1824-ல், பீர் காய்ச்சுபவரின் மகனாகப் பிறந்தார். ஆண்டது ஆஸ்திரியா, அரியாசனத்தில் ஜெர்மன் மொழி! அம்மொழியிலேயே கல்வி கற்றவர், முப்பது வயதைக் கடந்தபின் தாய்மொழியாம் செக் மொழியை முயன்று பயின்றார். அதிலே இசை நாடகங்கள் படைத்தார். பிராக் நகர நாடக மன்றத்தின் இசைக்குழுவை நடத்தினார்.

1874-ல் விழுந்தது இடி. காதிலே இரைச்சல், அக்டோபரில் இரு செவியும் அடைத்தன. பதவி போயிற்று, வருவாய் சுருங்கிற்று. ஜாப்கெனிட்சே சிற்றூரில் மகள் வீட்டில் ஒதுங்கினார். உலகம் ஊமையாயிற்று, உள்ளிருந்த ஓசையோ ஓயவில்லை!

ஓய்ந்தாரா அவர்? இல்லை! செவியடைத்த சில வாரங்களிலேயே வல்டாவா ஆற்றை இசையாக ஓடவிட்டார். 1876-ல் தன் வாழ்வையே நால்வர் வாசிக்கும் இசையாக்கினார். அதன் இறுதியில், களிப்பின் நடுவே, வயலினில் கூரிய ஒற்றைச் சுரம் நீண்டு அலறும். தன்னைத் துளைத்த ஓசைக்கு அதையே அடையாளமாக்கினார். அவர் மட்டும் கேட்டதை அனைவரும் கேட்டனர்!

பின்னர் மனமும் சிதைந்தது. 1884 மே 12-ல், பிராக் மனநோய் இல்லத்தில் மறைந்தார்.

தறிக்கூட இரைச்சலில் ஆண்டுக்கணக்கில் உழைத்தவர் பலருக்கு, வீடு திரும்பிய பின்னும் காது இரைகிறது. மேதைக்கு வயலின் இருந்தது, தொழிலாளிக்கு? நாம் இருக்கிறோம்! பித்தன் என்று பழிக்காமல், அருகமர்ந்து அவர் சொல்வதைக் கேட்போம், தோழர்களே!