நிபந்தனையின் எடையறிந்த இமாம் கஸ்ஸாலி (ரஹ்)



சில ஆண்டுகளுக்கு முன் ஒலக்கூர் வட்டாரத்துப் பெரியவர் ஒருவர் ஒரு கேள்வியுடன் நம்மிடம் வந்தார். தம் மகன் பன்னிரண்டாம் வகுப்பில் தேறினால் பத்து ஏழைகளுக்கு உணவளிப்பதாக அவர் நேர்ச்சை செய்திருந்தார். மகன் முதல் முறை தவறி, பின்னர் நடந்த துணைத்தேர்வில் தேறினான். தாம் மனத்தில் நினைத்தது முதல் தேர்வைத்தான் என்றும், ஆகவே நேர்ச்சை தம்மைக் கட்டுப்படுத்துமா என்றும் அவர் கேட்டார். அவர் கேட்டது பத்துச் சாப்பாட்டைப் பற்றியதாக இருக்கலாம். ஆனால் 'ஆல்' என்னும் அந்த ஓரசைக்குள் மனிதனின் கடமையும் வாக்கும் எவ்வளவு அடங்கிக் கிடக்கின்றன என்பதை அன்று நாம் எண்ணிப் பார்த்தோம்.

திண்டிவனத்தில் பத்திரம் எழுதுவோர் கிரயப் பத்திரத்திலும் குத்தகைச் சீட்டிலும் ஷரத்து என்று ஒரு சொல்லை எழுதுகின்றனர். அது நம் மதரஸாக்களில் ஓதிக்கொடுக்கப்படும் ஷர்த்து என்னும் அரபுச் சொல்லேயாகும். வக்கீல், ஜாமீன், ரத்து, வசூல் ஆகியவற்றைப் போல, பாரசீகமும் உருதும் வழங்கிய கச்சேரிகளின் வழியாக அது தமிழுக்குள் வந்து குடியேறிவிட்டது. தொழுகையின் ஷர்த்தை அறியாதவரும் நிலத்தின் ஷரத்தை நன்கு அறிவர்! அந்தச் சொல்லுக்குச் சட்டத்திலும் தர்க்கத்திலும் மார்க்கத்திலும் உரிய எடை என்ன என்பதை வகைப்படுத்திக் காட்டியவர்களுள் தலையாயவர்கள் ஹுஜ்ஜத்துல் இஸ்லாம் இமாம் அபூஹாமித் முஹம்மது அல் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள். அவர்களின் வாழ்வை அந்த ஒரு கோணத்திலிருந்து இம்மலரில் நோக்க விரும்புகிறோம்.

இமாம் அவர்கள் ஹிஜ்ரி 450இல் (கி.பி. 1058) குராசான் நாட்டின் தூஸ் நகரில் பிறந்தார்கள். தந்தையார் கம்பளி நூற்று விற்றுப் பிழைத்த ஏழை என்று வரலாற்றாசிரியர்கள் குறிப்பிடுகின்றனர். அவர் தம் இரு மைந்தர்களையும் சூஃபித் தோழர் ஒருவரிடம் ஒப்படைத்துவிட்டு மறைந்தார். விட்டுச்சென்ற சிறு பொருளும் தீர்ந்தபின், உணவும் கிடைக்கும் என்பதற்காகவே சகோதரர் இருவரும் மதரஸாவில் சேர்ந்தனர். அல்லாஹ்வுக்காக அன்றி வேறொன்றுக்காகக் கல்வியைத் தேடியதாகவும், கல்வியோ அல்லாஹ்வுக்காக அன்றி வேறொன்றுக்காக இருக்க மறுத்துவிட்டதாகவும் இமாம் அவர்கள் பிற்காலத்தில் இதனை நினைவுகூர்ந்தார்கள்.

ஜுர்ஜானில் பயின்று திரும்பும் வழியில் கொள்ளையர் அவர்களின் பொருட்களைப் பறித்த சம்பவம் பலரும் அறிந்ததே. பாடக் குறிப்பேடுகளையாவது திருப்பித் தருமாறு இமாம் அவர்கள் கேட்க, ஏடு போனதும் போய்விடுகிற அறிவு என்ன அறிவு என்று கொள்ளையர் தலைவன் நகைத்து, ஏடுகளைக் கொடுத்தனுப்பினான். ஊர் திரும்பிய இமாம் அவர்கள் மூன்றாண்டுகள் உழைத்து அவை அனைத்தையும் மனனம் செய்தார்கள். அந்தக் குறிப்பேட்டிற்கு அரபியில் தஃலீக்கா என்று பெயர். ஒன்றை நிபந்தனையில் தொங்கவிடுவதற்குச் சட்டத்தில் தஃலீக் என்று பெயர். இரண்டும் தொங்குதல் என்னும் ஒரே வேரிலிருந்து பிறந்தவை. அறிவை ஏட்டில் தொங்கவிட்டிருந்தவர்கள் அதனை நெஞ்சில் இறக்கிக்கொண்டார்கள் என்று மாணவர்களிடம் நாம் வேடிக்கையாகச் சொல்வதுண்டு.

பின்னர் நைசாபூர் சென்று, இமாமுல் ஹரமைன் ஜுவைனீ (ரஹ்) அவர்களிடம், அவர்கள் ஹிஜ்ரி 478இல் மறையும் வரை பயின்றார்கள். அடுத்து அமைச்சர் நிளாமுல் முல்க்கின் அவையில் இடம் பெற்று, ஹிஜ்ரி 484இல் (கி.பி. 1091) தம் முப்பத்துநான்காம் வயதில் பக்தாத் நிளாமிய்யா மதரஸாவின் தலைமைப் பேராசிரியரானார்கள். முந்நூறு மாணவர்கள் அவர்களின் பாடத்தில் அமர்ந்தனர்.

அக்காலத்தில் மன்திக் எனப்படும் தர்க்கக் கலை கிரேக்கரின் சரக்கு என்று ஆலிம்களுள் பலரால் ஒதுக்கப்பட்டிருந்தது. இமாம் அவர்களோ கிரேக்கத் தத்துவத்தின் பிழைகளை ஒரு கையால் வெட்டி, அதன் தர்க்கத்தை மறு கையால் எடுத்துக்கொண்டார்கள். இரத்தம் குத்தி எடுப்பவனின் குப்பியில் தேனை ஊற்றி வைத்தால் மக்கள் அருவருப்பர்; குப்பியினால் தேனின் தன்மை மாறிவிடுவதில்லை என்பது அவர்களின் வாதம். ஆகவே தேனை வேறு குப்பிக்கு மாற்றினார்கள். தத்துவவாதிகள் இணைப்பு நிபந்தனை வாதம் என்று வழங்கியதைப் பிற்காலத்தில் எழுதிய அல்கிஸ்தாஸுல் முஸ்தகீம் என்னும் நூலில் தலாஸும் என்றார்கள். ஒன்றையொன்று விடாது பற்றி நிற்றல் என்பது அதன் பொருள். இதுவா அதுவா என்று பிரிக்கும் வாதத்தைத் தஆனுத் என்றார்கள். ஒன்றோடொன்று முரணி நிற்றல் என்பது பொருள். இவற்றைக் குர்ஆன் கற்பித்த தராசுகள் என்றே அந்நூலில் காட்டினார்கள். வானங்களிலும் பூமியிலும் பல இறைவர்கள் இருந்திருந்தால் அவை சீர்குலைந்திருக்கும் என்று அன்பியா அத்தியாயம் உணர்த்துகிறது. அவை சீர்குலையவில்லை என்பதைக் கண்ணால் காண்கிறோம். எனவே பல இறைவர்கள் இல்லை. இதுவே அத்தராசின் எடை.

அதே தராசில் எடை பிழைப்பது எங்கே என்பதையும் அவர்கள் காட்டினார்கள். உதாரணமும் நம் வீட்டு முற்றத்து உதாரணமே. இந்தத் தொழுகை செல்லுமாயின் தொழுதவர் தூய்மையுடன் இருந்தவர். தொழுகை செல்லும் என்று தெரிந்தால் தூய்மை இருந்தது என்று முடிவு செய்யலாம். தூய்மை இல்லை என்று தெரிந்தால் தொழுகை செல்லாது என்று முடிவு செய்யலாம். ஆனால் தூய்மை இருந்தது என்பதை மட்டும் கொண்டு தொழுகை செல்லும் என்று முடிவு செய்ய இயலாது. வேறொரு காரணத்தால் அது முறிந்திருக்கலாம். வுளூச் செய்துவிட்டேன், என் தொழுகை கூடிவிட்டதல்லவா என்று மக்தப் பிள்ளைகள் நம்மிடம் கேட்பதுண்டு. பிள்ளைகள் மட்டுமா கேட்கின்றனர்! சந்தா கட்டிவிட்டேன், நான் சரியான ஜமாஅத்தார்தானே என்று கேட்பவரின் பிழையும் அதுவே.

தம் இறுதிக் காலத்தில், ஹிஜ்ரி 503இல் நிறைவு செய்த அல்முஸ்தஸ்ஃபா என்னும் சட்டமூல நூலின் தொடக்கத்தில் இத்தர்க்கத்தையே முன்னுரையாக வைத்தார்கள். இதனை அறியாதவரின் எந்தக் கல்வியையும் நம்புவதற்கில்லை என்னும் அளவுக்கு அங்கே கண்டிப்பாகக் கூறுகிறார்கள். ஷர்த்து என்பது, அது இல்லையேல் மற்றது இல்லை, அது இருந்தாலும் மற்றது இருந்தே தீரவேண்டியதில்லை என்னும் தன்மையுடையது. காரணமோ, இருந்தால் விளைவு இருந்தே தீரும். லுஹர் நேரம் வருதல் லுஹர் தொழுகை கடமையாவதற்குக் காரணம். வுளூ அது செல்லுபடியாவதற்கு நிபந்தனை. ஷர்த்தை அவர்கள் மூவகையாகப் பிரித்தார்கள். அறிவுக்கு உயிர் நிபந்தனையாவது பகுத்தறிவின்பாற்பட்டது. தொழுகைக்குத் தூய்மை நிபந்தனையாவது ஷரீஅத்தின்பாற்பட்டது. நீ வந்தால் உன்னை உபசரிப்பேன் என்று ஒருவர் சொல்வது மொழியின்பாற்பட்டது.

மூன்றாவது வகைதான் தொல்லை தருவது. சொல்லால் கட்டிய நிபந்தனை நிறைவேறினால் வாக்கு உடனே விழித்துக்கொள்கிறது. எனவே அது பெயரால் நிபந்தனையாயினும் செயலால் காரணமே என்று, பின்வந்த மாலிகி இமாம் கராஃபீ (ரஹ்) அவர்கள் விளக்கினார்கள். நம்மிடம் வந்த பெரியவரின் வழக்கு இங்கேதான் தீர்ந்தது. தேறினால் என்றே அவர் சொல்லியிருந்தார், மாதத்தைச் சொல்லவில்லை. மகன் தேறிவிட்டான். பெரியவரும் மனநிறைவோடு உணவளித்தார்.

சொல்லாததைப் பற்றி என்ன செய்வது என்பதும் ஒரு பெரும் வினா. இது நடந்தால் அது கடமை என்று ஒரு வசனம் கூறினால், இது நடக்காவிடில் அது கடமையன்று என்றும் அவ்வசனமே கூறியதாகுமா? ஆகும் என்று ஷாஃபிஈ அறிஞர்களுள் பெரும்பாலோர் கொண்டனர். நம் ஹனஃபீ இமாம்கள் ஆகாது என்றனர். கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் ஷாஃபிஈ மத்ஹபைச் சேர்ந்தவர்களாயிருந்தும் இதில் தம் மத்ஹபின் பெரும்பான்மையோருடன் நிற்கவில்லை. நிபந்தனை உள்ள இடத்தைப் பற்றியே அது பேசுகிறது, இல்லாத இடத்தைப் பற்றி அது மௌனம் என்றார்கள். தராசு சாய்ந்த பக்கம் அவர்களும் சாய்ந்தார்கள். இந்நேர்மை நம்மை வியக்க வைக்கிறது.

தஹாஃபுத்துல் ஃபலாஸிஃபா என்னும் நூலில் அவர்கள் தொட்ட விஷயம் இன்னும் ஆழமானது. நெருப்புப் பஞ்சைத் தொட்டால் பஞ்சு எரிகிறது. நெருப்புத்தான் எரித்தது என்பதற்கு, தொட்டபோது எரிந்ததைக் கண்டோம் என்பதைத் தவிர வேறு சான்று இல்லை. எரிப்பவன் அல்லாஹ், இரண்டும் சேர்ந்து வருவது அவன் நடத்திவரும் வழக்கம். அப்படியானால் வீட்டில் வைத்துவிட்டு வந்த நூல் குதிரையாக மாறியிருக்கலாம் அல்லவா என்று எதிராளி கேட்பதாக இமாம் அவர்களே கேள்வியை எழுப்பி விடையும் தருகிறார்கள். அது இயலக்கூடியதே, ஆயினும் அது நிகழவில்லை என்னும் அறிவையும் அல்லாஹ் நம்முள் படைத்திருக்கிறான். இயலக்கூடியது வேறு, எதிர்பார்க்கத்தக்கது வேறு. ஆனால் உயிரின்றி அறிவு இருப்பது மட்டும் இயலவே இயலாது என்றும் அதே இடத்தில் நிறுத்துகிறார்கள். வழக்கமான காரணம் தளர்ந்தாலும் உண்மையான நிபந்தனை தளர்வதில்லை.

இத்தகைய நுட்பத்தை உலகுக்கு வழங்கிக்கொண்டிருந்தபோதே, ஹிஜ்ரி 488ஆம் ஆண்டு ரஜப் மாதத்தில், அதே தராசு அவர்களையே நிறுக்கத் தொடங்கியது. செயலுக்கு நிய்யத் நிபந்தனை. தம் போதனையின் நிய்யத் என்ன என்று உள்ளத்தைக் கேட்டார்கள். பதவியும் புகழும் என்று விடை வந்தது. அல்லாஹ்வுக்காக என்னும் நிபந்தனை இல்லையேல் முந்நூறு மாணவர்களின் பாடத்திற்கு மறுமையில் என்ன எடை? ஆறு மாத காலம் ஒரு கால் எடுத்து வைப்பதும் மறு கால் பின்வாங்குவதுமாகத் தவித்தார்கள். ஒரு நாள் பாடம் நடத்த அமர்ந்தபோது நாவு பூட்டிக்கொண்டது. ஒரு சொல்லும் வரவில்லை. உணவு தொண்டையில் இறங்கவில்லை. மருத்துவர்கள் கைவிட்டனர். அப்போது அவர்களுக்கு வயது முப்பத்தெட்டு. மிம்பரில் ஏறும் நாம் அவ்வயதைத் தாண்டி வந்துவிட்டோம். இப்பகுதியை வாசிக்கும்போதெல்லாம் நம் நாவு இன்னும் சரளமாக ஓடுவதை எண்ணி அஞ்சுகிறோம்.

அதே ஆண்டு துல்கஃதா மாதத்தில், குடும்பத்துக்குப் போதுமானதை ஒதுக்கி, எஞ்சிய செல்வத்தைப் பங்கிட்டுவிட்டு, மக்கா செல்வதாக அறிவித்து, உள்ளத்தில் ஷாம் நாட்டை எண்ணி பக்தாதை விட்டுப் புறப்பட்டார்கள். திமிஷ்க், பைத்துல் முகத்தஸ், பின்னர் ஹஜ். வழியில் ஹிஜ்ரி 489இல் நபி இப்ராஹீம் (அலை) அவர்களின் அடக்கத்தலத்தில் நின்று மூன்று உறுதிகள் ஏற்றார்கள். எந்த அரசரிடமும் பொருள் பெறுவதில்லை, எந்த அரசரையும் தேடிச் செல்வதில்லை, எவரோடும் வாதப்போர் புரிவதில்லை.

இஹ்யா உலூமித்தீன் இக்காலத்தில் மலர்ந்த நூல். அதில் உழவர் உவமை ஒன்று உண்டு. நம் ஊர்க்காரர்களுக்கு விளக்கமே வேண்டியதில்லை. நல்ல நிலத்தில் நல்ல விதையிட்டு, நீர் பாய்ச்சிக் களை பறித்து விளைச்சலை எதிர்பார்ப்பவனிடம் இருப்பதே ஆதரவு. நிலம் நன்றாயிருந்தும் நீர் பாயாத மேட்டில் விதைத்துவிட்டு மழைக்குக் காத்திருப்பவனிடம் இருப்பது வெறும் ஆசை. களர் நிலத்தில் விதைத்து எட்டிப் பாராமல் அறுவடைக்கு நிற்பவனிடம் இருப்பது ஏமாளித்தனம். அல்லாஹ்வின் மன்னிப்பை எதிர்பார்ப்போரும் இம்மூவகையினரே என்கிறார்கள். ஏரி நிறையாத ஆண்டில் நாற்று விட்டுக் காத்திருந்தவர்களுக்கு ஆதரவுக்கும் ஆசைக்கும் உள்ள இடைவெளி தெரியும்.

உறுதியாகத் தெரியாத இடத்தில் எப்படி நடப்பது என்பதையும் அவர்கள் விடவில்லை. பசித்தவன் முன் உணவு இருக்கிறது. முன்பின் அறியாத ஒருவன் வந்து அதில் பாம்பு வாய் வைத்தது என்கிறான். பொய்யாக இருக்கலாம். ஆயினும் அவன் உண்ணமாட்டான். உண்ணாவிடில் இழப்பது ஒரு வேளைப் பசி. உண்டால் இழப்பது உயிராக இருக்கலாம். மறுமையை ஐயுறுபவனிடம் இமாம் அவர்கள் இவ்வாறே பேசுகிறார்கள். ஏறத்தாழ ஐந்தரை நூற்றாண்டுகளுக்குப் பின் பிரான்சு நாட்டுக் கணித அறிஞர் பாஸ்கல் (1623–1662) இதனையொத்த வாதத்தை எழுதினார். நிகழ்தகவுக் கணிதத்தைத் தொடங்கிவைத்தோரில் அவரும் ஒருவர்.

இன்ஷா அல்லாஹ் என்னும் சொல்லையும் இஹ்யா ஆராய்கிறது. நான் முஃமின், இன்ஷா அல்லாஹ் என்று கூறலாமா என்பதில் ஹனஃபீகளுக்கும் ஷாஃபிஈகளுக்கும் கருத்து வேறுபாடு உண்டு. அது ஐயத்தின் நிபந்தனையன்று, தற்பெருமையைத் தவிர்ப்பதும் முடிவை அல்லாஹ்விடம் ஒப்படைப்பதும் ஆகும் என்று இமாம் அவர்கள் விளக்கினார்கள். வரமாட்டேன் என்பதற்கு மரியாதைச் சொல்லாக அதனை நாம் ஆக்கிவைத்திருப்பதை அவர்கள் கண்டிருந்தால் என்ன எழுதியிருப்பார்களோ!

ஹிஜ்ரி 499 துல்கஃதாவில், பக்தாதை விட்டுச் சரியாகப் பதினோராண்டுகள் கழித்து, அமைச்சர் ஃபக்ருல் முல்க்கின் வற்புறுத்தலால் நைசாபூரில் மீண்டும் போதிக்க இசைந்தார்கள். புகழை ஈட்டித்தரும் கல்வியை முன்னர் கற்பித்ததாகவும், புகழைத் துறக்கச் செய்யும் கல்வியை இப்போது கற்பிப்பதாகவும் விளக்கம் தந்தார்கள். ஆட்சியாளரின் அழைப்பை ஏற்றதால் அந்த உறுதிகள் என்னாயின என்று எவரும் கேட்கலாம். அவர்களுக்கே அந்த உறுத்தல் இருந்தது. சுல்தான் சன்ஜர் பின்னர் தம்மை அழைத்தபோது, அந்த மூன்று உறுதிகளை நினைவூட்டி, தமக்கு விலக்கு அளிக்குமாறு மடல் எழுதினார்கள்.

இறுதி ஆண்டுகள் தூஸில் கழிந்தன. இல்லத்தருகே மாணவர்களுக்கு ஒரு மதரஸாவும் சூஃபிகளுக்கு ஒரு கான்காவும் இருந்தன. ஹிஜ்ரி 505 ஜுமாதல் ஆகிர் 14, திங்கட்கிழமை (1111 டிசம்பர் 18) அதிகாலை இமாம் அவர்கள் வுளூச் செய்து சுப்ஹுத் தொழுதார்கள். பின்னர் கஃபன் துணியைக் கொண்டுவரச் செய்து, அதனை முத்தமிட்டுக் கண்களில் ஒற்றி, அரசனின் சமுகத்துக்குச் செல்லக் கட்டுப்பட்டதாகக் கூறி, கிப்லாவை நோக்கிக் கால் நீட்டிப் படுத்தார்கள். பொழுது நன்றாகப் புலர்வதற்கு முன் உயிர் பிரிந்தது என்று இளவல் அஹ்மத் கஸ்ஸாலி (ரஹ்) அவர்களின் வாய்மொழியாக வரலாறு கூறுகிறது.