போரைத் தொடங்குவது யார்? இரண்டு பக்கமும் நின்ற லிங்கன்

ஆபிரகாம் லிங்கன்னு சொன்னதும் அடிமை முறை ஒழிப்புதான் ஞாபகம் வரும். ஆனால் அவர் வாழ்க்கையில் இன்னொரு கேள்வியும் இருந்தது. போரைத் தொடங்கும் அதிகாரம் அதிபருக்கா, நாடாளுமன்றத்துக்கா?

அமெரிக்க அரசமைப்புப்படி போரை அறிவிப்பது நாடாளுமன்றம். படைகளுக்குத் தலைமை தாங்குவது அதிபர்.

கேள்வி கேட்ட உறுப்பினர்

1809இல் கெண்டக்கியில் பிறந்த லிங்கன், தானே படித்து வழக்கறிஞரானவர். 1847இல் நாடாளுமன்றத்துக்குப் போனார். அப்போது மெக்சிகோவுடன் போர். அமெரிக்க மண்ணில் அமெரிக்கர்களின் ரத்தம் சிந்தியதாகச் சொல்லித்தான் அதிபர் போல்க் அந்தப் போருக்கு ஒப்புதல் வாங்கியிருந்தார். அது எந்த இடம் என்று காட்டச் சொல்லி லிங்கன் தீர்மானம் கொண்டுவந்தார். பதில் வரலை, கேலிதான் மிச்சம்.

அதே நாற்காலியில்

1861 ஏப்ரலில் சம்ட்டர் கோட்டை தாக்கப்பட்டது. உள்நாட்டுப் போர் வெடித்தது. இப்போது அதிபர் லிங்கன். நாடாளுமன்றம் கூடாத நேரத்தில் 75,000 வீரர்களை அழைத்தார். தென் மாநிலத் துறைமுகங்களை முற்றுகையிட உத்தரவிட்டார். ஜூலை 4ஆம் தேதி கூடிய நாடாளுமன்றம் பிறகு அவரை ஆதரித்தது.

1863இல் உச்ச நீதிமன்றமும் 5-4 என்று முற்றுகையை ஏற்றது. அதிபர் தானாகப் போரைத் தொடங்க முடியாது, ஆனால் தாக்கப்பட்டால் காத்திருக்க வேண்டியதில்லை என்பதே அதன் முடிவு.

1865இல் லிங்கன் சுட்டுக் கொல்லப்பட்டார். முதலில் தாக்கியது யார் என்று அதிபர் சொல்வதை அப்படியே நம்பலாமா? போல்க்கிடம் அவர் கேட்டதும் அதுதான். இன்றும் ஒவ்வொரு போரிலும் அதே கேள்வி எழுகிறது.