கதிரவன் பக்கம் நின்ற கோசாம்பி

கவிஞர்கள் கூடும் மன்றத்தின் பத்தாம் ஆண்டு மலரில் கணித அறிஞர் ஒருவருடைய வாழ்க்கை இடம்பெறுவது சிலருக்கு வியப்பளிக்கலாம். ஆனால் அவர் பழம்பாடல்களைச் சுவடி சுவடியாகத் தேடிப் பதிப்பித்தவர். அமைதிக்காகத் தம் நலத்தையும் பணயம் வைத்தவர். அவரே தாமோதர் தர்மானந்த கோசாம்பி.

கோவாவிலுள்ள கோஸ்பென் என்னும் சிற்றூரில் 1907 சூலை 31ஆம் நாள் பிறந்தார். தந்தையார் தர்மானந்தர் பாலி மொழியில் துறைபோகிய பேரறிஞர். ஆர்வர்டு பல்கலைக்கழகத்தில் 1929இல் பட்டம் பெற்றுத் தாயகம் திரும்பிய தாமோதரர் காசியிலும் அலிகாரிலும் பின்னர்ப் புணேயிலும் கணிதம் கற்பித்தார். மரபியலில் 1944இல் அவர் வகுத்த சூத்திரம் இன்றும் அவர் பெயராலேயே வழங்குகிறது. நூற்றுக்கணக்கான சுவடிகளை ஒப்புநோக்கிப் பர்த்ருஹரியின் பாடல்களை 1948இல் பதிப்பித்தார்.

ஹோமி பாபாவின் அழைப்பை ஏற்றுப் பம்பாயில் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் பேராசிரியரானார். இந்திய அணுவாற்றல் திட்டத்தின் தொட்டில் அந்நிறுவனமே. அங்கிருந்துகொண்டே உலக அமைதி இயக்கத்தில் முனைந்து உழைத்தார். சோவியத்து நாட்டுக்கும் சீனத்துக்கும் சென்றுவந்தார்.

அணுகுண்டை எதிர்த்ததோடு அவர் நிற்கவில்லை. அணுமின்சாரம் ஏழை நாட்டுக்கு மிகுசெலவு என்றும், கதிர்வீச்சின் கேடு இனிப் பிறக்கும் தலைமுறைகளையும் தொடரும் என்றும் எச்சரித்தார். வெயில் வளம் மிக்க இந்நாட்டுக்குக் கதிரொளி ஆற்றலே ஏற்றது. சிற்றூர்களும் அதனால் பயன்பெறலாம் என வாதிட்டார். பனமரத்துப்பட்டி ஏரி வறண்டு கிடக்கும் கோடைகளில் தலைக்குமேல் காயும் வெயிலைப் பழித்தே பழகிய நமக்கு, அதனையே செல்வமாகக் கண்ட அவர் பார்வை வியப்பூட்டுகிறது.

நிறுவனத்தோடு அவருக்கிருந்த பிணக்கு முற்றியது. ரீமன் கருதுகோளுக்கு அவர் 1959இல் தந்த நிறுவல் பிழையுடையது என்பதும் அவருக்கு எதிராயிற்று. 1962இல் அவரது பணி ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. 1966 சூன் 29ஆம் நாள், ஐம்பத்தெட்டாம் அகவையில், புணேயில் மறைந்தார்.

செஞ்சோற்றுக் கடனைப் போற்றும் மரபு நம்முடையது. ஊதியம் தந்த இடத்தின் போக்கையே எதிர்த்த கோசாம்பி நன்றி மறந்தவரா? அன்று. மக்கள் பணத்தில் ஆய்வு செய்யும் அறிஞனுக்கு முதற்கடன் அம்மக்களிடமே உண்டு. அதனை அவர் தீர்த்தார். பரிசிலுக்காகப் பாடுவதா, பட்டதைப் பாடுவதா என்னும் வினா புலவர்க்கும் புதிதன்று. பத்தாண்டு கண்ட நம் மன்றத்தார் அவ்வினாவைத் தம் நெஞ்சிலும் ஒருமுறை எழுப்பிப் பார்ப்பாராக.