பாட்டைப் படமாக்கிய பாணர்

ஆரணிப் பட்டு நெய்யும் ஊர்களுள் ஒன்று தேவிகாபுரம். திருவண்ணாமலை மாவட்டத்தில், விசயநகரக் காலத்துப் பெரியநாயகி அம்மன் கோவில் ஓங்கி நிற்கும் ஊர் அது. அங்கே நெய்த சேலைகள் பல ஊர்க் கடைகளைச் சென்றடைகின்றன. உடுப்போர் அவற்றின் அழகைப் போற்றுகின்றனர். ஆயினும் அவற்றை நெய்த கைகள் யாருடையவை என்பதை அறிந்தோர் சிலரே. வழிவழி வந்த கலைகள் பலவற்றின் நிலையும் இதுவே. கலை ஊர் கடந்து செல்லும். கலைஞர் பெயரோ ஊரிலேயே நின்றுவிடும். அவ்வாறின்றித் தம் குலத்தின் கலையையும் தம் பெயரையும் உலகறியச் செய்த ஒருவர் நடு இந்தியாவிலே தோன்றினார். அவர்தாம் கோண்டுப் பழங்குடி ஓவியர் ஜங்கர் சிங் சியாம்.

மத்தியப் பிரதேசத்தில், நருமதை ஆற்றின் மேற்பகுதியில் பாட்டன்கட் என்னும் சிற்றூர் உள்ளது. அவ்வூரில் 1960-ஆம் ஆண்டை ஒட்டி ஜங்கர் பிறந்தார். கோண்டு மக்களுள் பர்தான் என்னும் பிரிவினர் அவர் முன்னோர். பண்டைத் தமிழகத்துப் பாணரைப் போன்றவர் பர்தான்கள். பாணர்க்கு யாழ் இருந்தது. பர்தான்களுக்குப் பாணா என்னும் மூன்று நரம்புக் கருவி உண்டு. கருமருத மரத்தில் உறையும் படாதேவ் என்னும் பெருந்தெய்வத்தை அக்கருவியை மீட்டி அழைப்பது அவர்கள் மரபு. கோண்டுக் குடும்பங்களின் குலவரலாற்றையும், தெய்வங்களின் கதைகளையும், அரசர்களின் வீரத்தையும் அவர்கள் பாடுவர். கேட்டு மகிழ்ந்த குடும்பத்தார் தானியமும் பிற பொருளும் ஈவர். பாடுவோரும் பேணுவோரும் தலைமுறைதோறும் ஒருவரையொருவர் அறிந்திருந்தனர். பாணனின் பசியைத் தன் கடனாகக் கருதிய புரவலர் மரபு அங்கும் இருந்தது.

காலம் மாறியது. காடுகள் மக்கள் கையை விட்டுச் சென்றன. ஈந்து வந்த குடும்பங்களே வறுமையுற்றன. ஈவார் குறையவே பாணாவின் ஒலியும் குறைந்தது. பர்தான்கள் பலர் கூலி வேலைக்குச் சென்றனர். ஜங்கரும் வறுமையால் பள்ளிப் படிப்பை இடையிலே விட்டார், எருமை மேய்த்தார். இளம் வயதிலேயே நங்குசியா என்பாரை மணந்தார். எனினும் கலை அவர் கையை விட்டு நீங்கவில்லை. மண்சுவரிலே செம்மண்ணாலும் வெண்களிமண்ணாலும் உருவங்கள் அமைப்பதில் அவருக்கு இயல்பான திறம் இருந்தது.

அக்காலத்தில் போபால் நகரில் பாரத் பவன் என்னும் கலைக்கூடம் உருவாகி வந்தது. அதன் கலைப்பிரிவை அமைக்கும் பொறுப்பை ஏற்றவர் ஓவியர் ஜெ. சுவாமிநாதன். சிம்லாவிலே தமிழ்க் குடும்பமொன்றில் 1928-இல் பிறந்தவர் அவர். நகரத்து ஓவியமும் நாட்டுப்புற, பழங்குடி ஓவியங்களும் தம்முள் ஏற்றத்தாழ்வு இல்லாதவை என்பது அவர் கொள்கை. ஆகவே, சிற்றூர்களில் உள்ள கலைகளைக் கண்டுவர இளம் ஓவியர்களை அவர் அனுப்பினார். அவர்களுள் ஒரு குழுவினர் 1981-இல் பாட்டன்கட்டிற்கு வந்தனர். சுவரொன்றில் தீட்டப்பெற்றிருந்த அனுமன் உருவத்தைக் கண்டு வியந்தனர். அதனை வரைந்த இளைஞரைத் தேடிக் கண்டனர். விரைவில் ஜங்கர் போபாலுக்கு வந்தார்.

அங்கே அவருக்குத் தாளும் தூரிகையும் ஒளிமிக்க வண்ணங்களும் கிடைத்தன. அவ்வண்ணங்களை முதன்முதல் தொட்டபோது உடல் சிலிர்த்ததாகப் பின்னாளில் அவர் நினைவுகூர்ந்தார். பாரத் பவன் 1982-ஆம் ஆண்டு பிப்ரவரியில் திறக்கப்பெற்றபோது அவர் ஓவியங்களும் அங்கே காட்சிக்கு வைக்கப்பெற்றன. பின்னர் அவர் அக்கலைக்கூடத்தின் அச்சோவியப் பிரிவிலேயே பணியாற்றினார்.

ஜங்கர் செய்த புதுமை யாது? படாதேவ் முதலிய கோண்டுத் தெய்வங்கள் அதுவரை பாட்டிலேயே பெரிதும் வாழ்ந்தன. கல்லும் மரமும் அவற்றின் இருப்பிடத்தைக் காட்டினவேயன்றி முகத்தைக் காட்டவில்லை. காதால் கேட்ட தெய்வங்களுக்கு ஜங்கர் கண்ணால் காணும் உருவம் அளித்தார். மான், புலி, பாம்பு, பறவை, மரம் ஆகியவற்றையும் தீட்டினார். மானின் கொம்பு மரக்கிளையாக விரியும். உருவங்களின் உள்ளெல்லாம் புள்ளிகளும் சிறு கோடுகளும் நிரம்பியிருக்கும். அவை அக்குல மகளிர் உடலில் குத்திக்கொள்ளும் பச்சைக் கோலங்களை நினைவூட்டுவன. பாணா ஓய்ந்த இடத்தில் தூரிகை பாடத் தொடங்கியது எனலாம். பழைய மரபை அப்படியே படியெடுப்பது மட்டும் அதனைக் காப்பதாகாது. புதிய கருவியைக் கைக்கொண்டு, பழைய நினைவை இழவாமல் படைப்பதும் காப்பதேயாகும்.

புகழ் அவரைத் தேடி வந்தது. மத்தியப் பிரதேச அரசு 1986-இல் சிகர் சம்மான் விருதை வழங்கியது. 1989-இல் பாரிசு நகரில் உலகின் பல நாட்டுக் கலைஞர்களையும் ஒருங்கு கூட்டிய பெருங்காட்சி ஒன்று நடைபெற்றது. ஆத்திரேலியப் பழங்குடியினர் தரையில் தீட்டிய மண்ணோவியம் இடம்பெற்ற அக்காட்சியில், ஜங்கரின் ஓவியங்களும் இடம்பெற்றன. போபாலில் சார்லசு கொரியா வடிவமைத்த சட்டமன்ற மாளிகையின் சுவர்களையும் அவர் ஓவியங்கள் அணி செய்கின்றன.

இப்புகழைத் தமக்கென வைத்துக்கொள்ள அவர் எண்ணவில்லை. ஊரிலிருந்த உறவினரையும் இளைஞரையும் போபாலுக்கு அழைத்தார். தம் இல்லத்தில் இடம் தந்தார். தம் ஓவியங்களின் உள்வேலைப்பாடுகளை நிரப்பச் செய்து தொழில் பழக்கினார். பழகியபின் தனித்தனியே தம் வழியில் வரையுமாறு ஊக்கினார். அவர் இல்லமே ஒரு கலைப்பள்ளி ஆயிற்று. அவர் தொடங்கிய ஓவிய நெறி இன்று அவர் பெயராலேயே ஜங்கர் கலம் என வழங்குகிறது.

இத்தகையவரின் முடிவு துயரமானது. சப்பான் நாட்டு நீகாத்தா மாநிலத்தில், இந்திய ஓவியங்களுக்கென அமைந்த மிதிலை அருங்காட்சியகம் ஒன்று உண்டு. அங்குத் தங்கி ஓவியம் தீட்டச் சென்ற ஜங்கர், உற்றாரைப் பிரிந்து தனிமையில் வாடினார். தாயகம் திரும்பும் ஏக்கத்தை வீட்டிற்கு எழுதிய மடல்களிலும் வெளியிட்டார். 2001-ஆம் ஆண்டு சூலைத் திங்களில், நாற்பது வயதளவில், அங்கேயே தம் உயிரைத் தாமே நீத்தார். இச்செய்தி இந்தியக் கலைஞர் பலரை உலுக்கியது. அயல்நாடு செல்லும் பழங்குடிக் கலைஞரின் ஊதியம் என்ன, பாதுகாப்பு என்ன, அவர் நலத்திற்குப் பொறுப்பாவார் யார் என்னும் வினாக்கள் எழுந்தன. பழைய புரவலன் தன் பாணனின் முகத்தை அறிவான். அவன் வாட்டத்தையும் அறிவான். ஓவியத்தைப் பெற்றுச் சுவரில் மாட்டும் புதிய உலகம் ஓவியரின் வாட்டத்தை அறியத் தவறியது.

ஆயினும் ஜங்கர் ஏற்றிய விளக்கு அணையவில்லை. அவர் உறவினரான பஜ்ஜு சியாம் ஒரு காலத்தில் போபாலில் இரவுக் காவலராக இருந்தவர். ஜங்கரிடம் தொழில் பயின்ற அவர், இலண்டன் மாநகரைத் தாம் கண்டவாறு கோண்டு முறையில் தீட்டினார். அந்நூலை நம் சென்னையில் உள்ள தாரா பதிப்பகம் 2004-இல் வெளியிட்டது. மரங்களின் இரவு வாழ்வைப் பற்றி அவரும் துர்க்கா பாய் வியாம், ராம் சிங் உர்வேதி ஆகியோரும் தீட்டிய நூல், கரிய தாளில் கையாலேயே அச்சிடப்பெற்று வெளிவந்தது. 2018-இல் பஜ்ஜு சியாமும், 2022-இல் துர்க்கா பாயும் பத்மசிரீ விருது பெற்றனர். பாட்டாக இருந்த மரபு சுவரோவியமாகித் தாளேறி, நூலாகவும் மலர்ந்துவிட்டது.

கலையைப் போற்றுவது எளிது. கலைஞரைப் பேணுவதே அரிது. ஓர் ஓவியத்தையோ ஒரு பட்டையோ கண்டு மகிழும்போது, அதனைப் படைத்தவர் யார், அவர் எவ்வாறு வாழ்கிறார் என்று கேட்கப் பழகுதல் வேண்டும். அவ்வாறு கேட்போர் பெருகும் நாட்டிலேயே பழைய கலைகள் புதிய உலகிலும் தழைக்கும். ஜங்கர் சிங் சியாமின் வாழ்வும் முடிவும் நமக்கு உணர்த்தும் உண்மை இதுவாகும்.